மண்டியிடும் வாத்தியார்: ஜப்பானிய நாவலும் நம் வாசிப்பும்

சில மாதங்களுக்கு முன் ஒரு வாசகர் வட்டக் கூட்டத்துக்குப் போயிருந்தேன். தலைப்பு ஜப்பானிய நாவல்கள். பேசியவர்கள் எல்லோரும் தேடித்தேடிப் படிப்பவர்கள், அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. கவாபட்டா, மிஷிமா, தனிஸாகி என்று இரண்டு மணிநேரம் போனது. பனி, செர்ரிப் பூ, ஜென் மௌனம், கீறல் விட்ட தேநீர்க் கோப்பையின் அழகு, பாறைத் தோட்டத்தின் வெறுமை. 'ஜப்பானிய மனம்' என்கிற வார்த்தை இருபது தடவையாவது வந்திருக்கும். கடைசியில் கேள்வி கேட்கலாம் என்றார்கள். "இந்த நாவல்கள்ல தோல் உரிக்கிறவன் யாராவது வர்றானா தோழர்?" என்று கேட்டேன். சிரித்தார்கள். ஒருவர் மட்டும் பொறுமையாகப் பதில் சொன்னார்: "ஜப்பான்ல ஒரே இனம், ஒரே மொழி, ஒரே மூஞ்சி. அங்க ஏதுங்க சாதி? எங்க போனாலும் நம்ம கண்ணாடியவே மாட்டிக்கிட்டுப் பாக்கக் கூடாது."

அவரை மட்டும் சொல்லிக் குற்றமில்லை. 1979-ல் அமெரிக்காவின் பிரின்ஸ்டனில் நடந்த உலகச் சமய மாநாட்டில், சோட்டோ ஜென் பிரிவின் தலைமைப் பொறுப்பில் இருந்த துறவியே எழுந்து, எங்கள் நாட்டில் புராக்கு மக்கள்மீது பாகுபாடு என்று ஒன்று கிடையாது என்று சாதித்தார். பிறகு எதிர்ப்பு கிளம்பியதும் அதைத் திரும்பப் பெற வேண்டியதாயிற்று. அப்போதுதான் இன்னொன்றும் வெளியே வந்து நாறியது. செத்தவர்களுக்குக் கோயிலில் ஒரு சமயப் பெயர் வைத்துக் கல்லறையில் வெட்டுவது அங்கே வழக்கம். புராக்கு மக்கள் செத்தால் அந்தப் பெயருக்குள் மிருகம் என்று பொருள்படும் எழுத்தைச் சேர்த்து வெட்டி வைத்திருக்கிறார்கள். உயிரோடு இருக்கும்போது மட்டுமல்ல, செத்து எலும்பான பிறகும் அடையாளம் போகக்கூடாது. பாபாசாகேப் 1956-ல் கையிலெடுத்த பௌத்தத்தைப் பற்றிப் பேசுகிற நாம் இந்தக் கல்லறைகளையும் சேர்த்துத்தான் பேச வேண்டும். எந்த மார்க்கமும் தானாக யாரையும் காப்பாற்றுவதில்லை.

தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். தோக்குகாவா ஆட்சிக் காலத்தில் போர்வீரர், உழவர், கைவினைஞர், வணிகர் என்ற அடுக்குக்கு வெளியே இரண்டு கூட்டத்தை நிறுத்தி வைத்தார்கள். ஒன்று 'எதா'. அதை எழுதும் எழுத்துக்களுக்கு அழுக்கு மிகுந்தது என்று பொருள். இன்னொன்று 'ஹினின்', அதாவது மனிதரல்லாதவர். செத்த மாட்டைத் தூக்குவது, தோலை உரித்துப் பதப்படுத்துவது, தூக்குமேடை வேலை, சிறைக் காவல் இதெல்லாம் இவர்கள் தலையில். 1871-ல் மெய்ஜி அரசு ஓர் ஆணையால் இந்தப் பெயர்களை ஒழித்தது. ஒழித்த மறுவருடமே எடுத்த குடிப்பதிவேட்டில் பல இடங்களில் 'புதுக் குடிமகன்' என்று பக்கத்தில் குறித்து வைத்தார்கள். பழைய குடிமகன் யார், புதுக் குடிமகன் யார் என்று அதைத் திறந்து பார்த்தாலே போதும். 1968 வரை அந்தப் பதிவேடுகளை வெளியாட்களும் பார்க்க முடிந்தது. அவர்கள் குடியிருப்புக்குப் பெயர் 'புராக்கு'. அந்தச் சொல்லுக்கு வெறும் குக்கிராமம், குடியிருப்பு என்றுதான் அர்த்தம். 'சேரி' என்பதும் அப்படித்தானே. சோழர் கல்வெட்டில் பிரமதேய ஊரின் பிராமணப் பகுதிக்கும் சேரி என்றுதான் பேர். சொல் ஒரு பாவமும் செய்யவில்லை. அதில் யாரை அடைத்தார்கள் என்பதுதான் விஷயம்.

சரி, நம் நண்பர்கள் உருகுகிற அந்த 'ஜப்பானிய அழகியல்' இருக்கிறதே, அதற்கு வருவோம். கவாபட்டாவின் 'பனிநாடு' நாவலில் கொமாகோ என்கிற கெய்ஷா ஷாமிசென் வாசிக்கிறாள். கேட்கிறவனுக்கு உடம்பு சிலிர்க்கிறது. அந்த வாத்தியத்தின் முகப்பில் இழுத்துக் கட்டியிருப்பது பூனைத் தோல் அல்லது நாய்த் தோல். அதை உரித்துப் பதமாக்கிக் கொடுத்தவர்கள் வழிவழியாக யார்? நாவலில் அந்த ஆள் இல்லை. நாதம் மட்டும் எங்கிருந்தோ வந்துவிட்டது. அவர்கள் கோயில் முரசு செய்தவர்களும் இதே மக்கள்தான். ஒசாகாவில் நனிவா பகுதியில் தலைமுறை தலைமுறையாக முரசு கட்டியிருக்கிறார்கள். அடிப்பவனுக்குக் கைதட்டல், கட்டியவனுக்குத் தீட்டு. 1980களில் அந்தப் பகுதி இளைஞர்கள் தாங்களே முரசடிக்கக் குழு சேர்ந்தார்கள். குழுவுக்கு வைத்த பேர் 'இகாரி'. கோபம் என்று அர்த்தம். பறையைத் தூக்கிக்கொண்டு தெருவுக்கு வந்த நமக்கு இந்தப் பேரை விளக்க வேண்டியதில்லை.

பாறைத் தோட்டம் இன்னும் வேடிக்கை. பதினைந்தாம் நூற்றாண்டில் ஷோகுன் அஷிகாகா யோஷிமாசாவுக்குத் தோட்டம் போட்டுக் கொடுத்த பெரும் கலைஞன் ஸென்ஆமி ஒரு 'கவராமோனோ', அதாவது ஆற்றங்கரைக்காரன். ஊர் ஒதுக்கிய நிலத்தில், ஆற்றோரத்தில் தோல் உரித்துப் பிழைத்த கூட்டம். ரியோவான்ஜி கோயில் தோட்டத்தில் ஒரு கல்லின் பின்புறம் இரண்டு பேர் பெயர் செதுக்கியிருக்கிறது. ஆற்றங்கரைக்காரர்கள் பெயராக இருக்கும் என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். முன்னால் உட்கார்ந்து வெறுமையைத் தியானிக்கிறவர்கள் கல்லின் முதுகுப் பக்கம் போய்ப் பார்ப்பதில்லை. நோ நாடகத்தின் பிதாமகன் ஸெஅமியைச் சிறுவனாக இருந்தபோது, 1378-ல் கியோன் திருவிழாவில், ஷோகுன் தன் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டான். பார்த்த ஒரு பிரபு, இந்தக் கூத்து பிச்சைக்காரர் தொழிலாயிற்றே என்று வயிறெரிந்து நாட்குறிப்பில் எழுதிவைத்தான். இந்தக் கலைகளைத்தான் இன்று ஜென், மௌனம், உன்னதம் என்கிறார்கள். உன்னதத்துக்குக் கை எங்கே, கால் எங்கே என்று கேட்டால் கண்ணாடி சரியில்லையாம்.

இப்போது நாவலுக்கு வருகிறேன். புராக்கு மக்களைப் பற்றிப் பேசும்போதெல்லாம் இலக்கியவாதிகள் எடுத்து நீட்டும் ஒரு புத்தகம் உண்டு. ஷிமசாகி தோசொன் 1906-ல் சொந்தச் செலவில் அச்சிட்ட 'ஹகாய்'. மீறிய கட்டளை என்று சொல்லலாம். ஜப்பானிய இயற்பண்புவாத நாவலின் தொடக்கம் என்பார்கள். 1974-ல் கென்னத் ஸ்ட்ராங் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார். நான் படித்தது அதைத்தான்.

கதை நகானோ மாகாணத்து ஈயாமா ஊரில் நடக்கிறது. உஷிமட்சு இளம் பள்ளி ஆசிரியர். பிறப்பால் எதா. யாருக்கும் தெரியாது. மலையில் மாடு மேய்க்கும் அப்பா அவனுக்குப் போட்ட கட்டளை ஒன்றே ஒன்று: எது வந்தாலும், யாரிடமும், நீ யார் என்று சொல்லாதே. நாவல் தொடங்கும்போதே அவன் தங்கியிருந்த விடுதியில் ஒஹினாதா என்கிற பணக்காரப் புராக்குக்காரரை மற்றவர்கள் கூச்சல் போட்டு வெளியேற்றுகிறார்கள். காசு இருக்கிறது, நோயாளி வேறு. இருந்தும் போ வெளியே. அதைப் பார்த்துவிட்டு உஷிமட்சு ஒன்றும் பேசாமல் வேறு ஜாகை தேடிக் கோயிலுக்குப் போகிறான்.

இந்த இடத்தில் புத்தகத்தை மூடி வைத்துவிட்டு வெளியே போய் நின்றேன். நான் எம்.ஏ. தமிழ் படிக்க டவுனுக்குக் கிளம்பிய அன்றைக்கு எங்கப்பா பஸ் ஸ்டாண்டில் வைத்துச் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது: "வீடு கேட்டுப் போனா ஊர்ப் பேர மட்டும் சொல்லுய்யா. தெருப் பேரக் கேட்டா கோயில் பக்கம்னு சொல்லிடு. பொய்யில்லடா, நம்ம தெருவுலயும் கோயில் இருக்குல்ல." இரண்டு வருசம் கோயில் பக்கத்துப் பையனாகவே இருந்தேன். அறைத்தோழர்கள் எங்கள் சாதியைச் சொல்லித் திட்டி ஜோக் அடித்தபோது நானும் சிரித்தேன். அதனால் உஷிமட்சுவை எனக்கு யாரும் விளக்க வேண்டாம். தோசொனின் திறமை அதில்தான் இருக்கிறது, மறுக்கவில்லை. ஒளிந்து வாழ்கிறவனின் உடம்பு எப்படி நடக்கும், பெயரைக் கூப்பிட்டால் எப்படித் திடுக்கிடும் என்பதை அந்த மனுசன் எழுதியிருக்கிறார்.

நாவலில் இன்னொருவர் இருக்கிறார். இனோகோ ரென்தாரோ. இவரும் எதாதான், ஆனால் மறைக்காதவர். நான் யார் என்று முதல் வரியிலேயே சொல்லிப் புத்தகம் எழுதியவர். உஷிமட்சு அவர் புத்தகங்களை ஒளித்து வைத்துப் படிக்கிறான். தகயனாகி என்கிற அரசியல்வாதி தேர்தல் செலவுக்காக ஒரு பணக்காரப் புராக்கு வீட்டுப் பெண்ணை ரகசியமாகக் கட்டிக்கொள்கிறான். அதை அம்பலப்படுத்திய ரென்தாரோவை அடியாட்கள் கொன்றுபோடுகிறார்கள். அந்தச் சாவுக்குப் பிறகுதான் உஷிமட்சு கட்டளையை மீறுகிறான். எப்படி மீறுகிறான்? இதுதான் கேள்வி. ரென்தாரோவைப் போல மேடையேறியா? இல்லை. வகுப்பறையில், தான் பாடம் சொல்லிக்கொடுத்த பிள்ளைகள் முன்னால், பலகைத் தரையில் மண்டியிட்டு, நெற்றி தரையில் பட, இத்தனை நாள் மறைத்ததற்கு மன்னிக்கச் சொல்லி, தான் அசுத்தமானவன் என்றும் சொல்லி! அப்புறம் ஒஹினாதாவோடு சேர்ந்து அமெரிக்காவின் டெக்சாசுக்கு விவசாயம் பார்க்கக் கிளம்பிவிடுகிறான். பனியில் வழியனுப்பு. முடிந்தது கதை.

எதுக்குய்யா மன்னிப்பு? விடுதியை விட்டு விரட்டியது யார்? ஆளை அடித்துக் கொன்றது யார்? குற்றம் செய்தவர்கள் நாற்காலியில் இருக்கிறார்கள், பாதிக்கப்பட்டவன் தரையில் கிடக்கிறான். அந்தப் பள்ளிக்கூடத்தில் செந்தா என்று ஒரு புராக்குப் பையன் படிக்கிறான். டென்னிஸ் விளையாட்டில் எவனும் அவனோடு ஜோடி சேராதபோது உஷிமட்சுதான் மட்டையைத் தூக்கிக்கொண்டு அவன் பக்கம் போய் நிற்கிறான். நாவலிலேயே எனக்குப் பிடித்த காட்சி அது. வாத்தியார் டெக்சாசுக்குப் போய்விட்டார். செந்தா எங்கே போவான்? அந்த வாத்தியாரே தன்னை அசுத்தம் என்று சொல்லி மண்டியிட்டார் என்ற செய்தியைச் சுமந்துகொண்டு நாளைக்கும் அதே பள்ளிக்கூடத்துக்குத்தான் வரவேண்டும். தோசொன் இதைப் பற்றி யோசித்ததாகவே தெரியவில்லை.

காலம் அப்படி, 1906-ல் வேறென்ன எழுத முடியும் என்பார்கள். அதையும் பார்த்துவிடுவோம். தோசொனுக்கு மாதிரியாக இருந்தவர் என்று சொல்லப்படும் மனிதர் ஓஎ இசோகிச்சி. அதே நகானோ மாகாணத்தில் 1868-ல் புராக்குக் குடும்பத்தில் பிறந்த ஆசிரியர். பிறப்பு தெரிந்து வேலையிடங்களிலிருந்து துரத்தப்பட்டார். துரத்தத் துரத்த அடுத்த ஊரில் போய்ப் பாடம் நடத்தினார். ஹ்யோகோவில் ஒரு நடுநிலைப் பள்ளியின் தலைமை ஆசிரியராக இருக்கும்போதே 1902-ல் நோயில் இறந்தார். நிஜத்தில் தலைமை ஆசிரியர் நாற்காலி வரைக்கும் போனவர், நாவலில் பிள்ளைகள் காலடிக்கு வந்துவிட்டார். காலம் அப்படி எழுதவைக்கவில்லை, எழுதியவர் நின்ற இடம் எழுதவைத்தது.

இந்த மன்னிப்பு எங்கிருந்து வந்தது தெரியுமா? 1871 ஆணை வந்ததும் மேற்கு ஜப்பானில் பல இடங்களில் உழவர்கள் கலவரம் செய்தார்கள். புதுக் கட்டாயப் படைச் சேவை, பள்ளிக்கூடச் செலவு எல்லாவற்றின் மேலும் இருந்த கோபத்தில் இவர்களை விடுவித்ததும் ஒன்று. 1873-ல் மிமசாகா பகுதியில் கும்பல் புராக்குகளுக்குள் புகுந்தபோது கேட்டது என்ன? ஆணைக்குப் பிறகு சமமாக நடந்துகொண்டதற்கு மன்னிப்புக் கடிதம். இனிமேல் பழையபடியே அடங்கி நடப்போம் என்று எழுதிக் கொடு. கொடுத்த குடியிருப்புகள் தப்பின. கொடுக்க மறுத்த குடியிருப்பைக் கொளுத்தினார்கள், ஆட்களை வெட்டினார்கள். அன்றைக்குக் கத்தியைக் காட்டிக் கேட்டு வாங்கிய கடிதத்தைத்தான், முப்பத்து மூன்று வருசம் கழித்து, தோசொன் தன் நாயகன் கையால் கண்ணீரோடு எழுதிக் கொடுக்கவைத்தார். இலக்கியம் அதற்கு 'சுய தரிசனம்' என்று பேர் வைத்தது.

விமர்சகர்களும் லேசுப்பட்டவர்கள் இல்லை. இது சாதிப் பாகுபாட்டைப் பற்றிய நாவலே அல்ல, நவீனத் தனிமனிதனின் அக விழிப்பு, பாவ அறிக்கை என்று வியாக்கியானம் செய்தவர்கள் அங்கே நிறைய. நான் தமிழ் படித்தவன், அகம் புறம் தெரியும். ஊரே சேர்ந்து செய்த ஒரு புறத்திணைக் கொடுமையைத் தூக்கி அகத்திணையில் போட்டுவிட்டால் யாரும் பதில் சொல்ல வேண்டியதில்லை. 1939-ல் தோசொனே நாவலைத் திருத்தினார். 'எதா' என்ற சொல்லை எடுத்துவிட்டு மென்மையான சொற்களைப் போட்டார். 'ஹரிஜன்' வைத்தியம்தான். 1953-ல் பழைய பாடத்தையே மறுபடி அச்சிட்டபோது சர்ச்சை வந்தது. என்னைக் கேட்டால் பழைய சொல்லே இருக்கட்டும். சொல்லை மாற்றிய மனுசன் மண்டியிட்ட வாத்தியாரைத் தூக்கி நிறுத்தவில்லையே.

தூக்கி நிறுத்தியது நாவல் அல்ல. 1922 மார்ச் 3 அன்று கியோத்தோவின் ஒகாசாகி பொது மண்டபத்தில் புராக்கு மக்கள் கூடி 'சுயிஹேய்ஷா'வைத் தொடங்கினார்கள். சமதளச் சங்கம் என்று பொருள். நாரா மாகாணத்து கஷிவாபாரா கிராமத்து இளைஞர்கள் முன்னின்றார்கள். சைகோ மான்கிச்சி எழுதிய அறிக்கை இரண்டு விஷயத்தை அடித்துச் சொன்னது. ஐம்பது வருசமாக எங்கள்மேல் இரக்கப்பட்டு நீங்கள் செய்த சீர்திருத்தம் எங்களை இழிவுபடுத்தத்தான் செய்தது. எதா என்பதற்காக நாங்கள் பெருமைப்படும் காலம் வந்துவிட்டது. தோசொன் வெட்கத்தோடு உதிர்த்த அதே சொல், பதினாறே வருசத்தில், கொடிக்கம்பத்தில் ஏறிவிட்டது. கறுப்புக் கொடி, அதில் சிவப்பில் முள்முடி. கூட்டத்தில் யமடா கோனோஜிரோ என்று பதினாறு வயதுப் பையன் மேடையேறி, பள்ளிக்கூடத்தில் வாத்தியார்களும் பிள்ளைகளும் தன்னை நடத்திய விதத்தைச் சொன்னான். மண்டபமே அழுதது. அழுதுகொண்டிருக்க இது நேரமில்லை, எழுந்திருங்கள் என்றான் பையன். செந்தா பேசியிருந்தால் இப்படித்தான் பேசியிருப்பான். அந்த மாநாட்டின் முதல் தீர்மானம்: எவனாவது சொல்லாலோ செயலாலோ இழிவுபடுத்தினால் அவனை நேரில் நிறுத்திக் கேள்வி கேட்போம். அவன்தான் மன்னிப்புக் கேட்க வேண்டும். மன்னிப்பின் திசை அன்றைக்குத் திரும்பியது.

இந்தத் திசை மாற்றத்தை நாவலாக்கியவர் சுமீ சுவே என்கிற பெண்மணி. 1902-ல் நாராவில் பிறந்தவர், புராக்கு அல்ல. 1961 முதல் வெளிவந்த 'பாலமில்லாத ஆறு' ஏழு பாகம். ஏழாம் பாகம் 1992-ல் வந்தபோது அவருக்குத் தொண்ணூறு வயது. கோமோரி என்கிற புராக்குக் கிராமத்துச் சிறுவர்கள் செய்தாரோ, கோஜி. அவர்கள் பாட்டி நுயி, அம்மா ஃபுதே. அப்பா ருஷ்யப் போரில் செத்தவர். நாட்டுக்குச் சாகத் தகுதி உண்டு, பள்ளிக்கூடத்தில் பக்கத்தில் உட்காரத் தகுதி இல்லை. ஒரு காட்சி போதும். மெய்ஜி மன்னர் செத்துப் பள்ளிக்கூடத்தில் இரவு நேர அஞ்சலி. இருட்டில் மச்சியே என்கிற பெண் கோஜியின் கையைப் பற்றுகிறாள். பையன் அந்த ஸ்பரிசத்தை மாதக்கணக்காக நெஞ்சில் வைத்துப் பூஜிக்கிறான். பிறகுதான் தெரிகிறது: புராக்குக்காரன் கை ராத்திரியில் பாம்பு மாதிரி சில்லிட்டுப் போகும் என்று யாரோ சொன்னார்களாம், நிஜமா என்று தொட்டுப் பார்த்தாளாம்! இந்தக் காட்சிக்கு எந்த ஜென் மௌனமும் உதவாது. ஆனால் கோஜி மண்டியிடுவதில்லை, தான் அசுத்தம் என்று நம்புவதும் இல்லை. நாவல் சுயிஹேய்ஷாவை நோக்கி நடக்கிறது. சில இடத்தில் பிரச்சாரம் தூக்கல்தான், நல்லவர்கள் ரொம்ப நல்லவர்களாக இருக்கிறார்கள். இருக்கட்டும். தலித்தாகப் பிறந்தவர்தான் எழுத வேண்டுமா என்று நாம் வருசக்கணக்காக அடித்துக்கொண்டோமே, அந்த விவாதத்தில் இந்த அம்மாளையும் தோசொனையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். இருவருமே வெளியாட்கள்தான்.

உள்ளேயிருந்து வந்தவர் நகாகமி கென்ஜி. 1946-ல் வகயாமா மாகாணத்து ஷிங்கூ ஊரின் புராக்கில் பிறந்தவர், 'முனை' என்ற குறுநாவலுக்காக அகுதகவா பரிசு பெற்றவர், 1992-ல் நாற்பத்தாறு வயதில் புற்றுநோயில் போய்விட்டார். அவர் கதைகளில் இரக்கத்துக்கு ஆள் கிடையாது. கட்டட வேலைக்காரன், ரவுடி, திருடன், முறைகெட்ட உறவு, ரத்தம், வெயில். தன் மண்ணை அவர் 'ரோஜி' என்றார், சந்து. 'ஆயிரம் ஆண்டு இன்பம்' தொகுப்பில் ஒர்யூ என்கிற கிழவி வருகிறாள். அந்தச் சந்தின் மருத்துவச்சி. எழுதப் படிக்கத் தெரியாது. அவள் கையில் விழுந்த ஒவ்வொரு பிள்ளையின் பிறந்த நாளும் செத்த நாளும் மனப்பாடம். அரசாங்கப் பதிவேடு இவர்களைக் காட்டிக்கொடுக்க எழுதி வைத்தது. கிழவியின் பதிவேடு அவர்களைக் கொண்டாடுகிறது. குடித்தவன், குத்தியவன், குத்துப்பட்டுச் செத்தவன் எல்லாமே அவளுக்கு அழகன்கள். எங்கள் தெருவிலும் இப்படி ஒரு கிழவி இருந்தாள். இலக்கியத்தில் அவளுக்கு இடம் உண்டு என்று எனக்குக் காட்டியது ஷிங்கூ கிழவிதான்.

நகாகமியோடும் எனக்குச் சண்டை உண்டு. புராக்கு என்ற சொல்லைக் கதைகளில் போடாமல் சந்து என்றே எழுதிப்போனதால், விமர்சகர்கள் தப்பித்துக்கொண்டார்கள். தொன்மம் என்றார்கள், ஃபாக்னர் என்றார்கள். மிசிசிப்பி வரை போவார்களாம், ஷிங்கூ சந்துக்குள் இறங்க மாட்டார்களாம். ஒளித்தாரா, இல்லை ஊருக்கே பொதுவான ஒரு சொல்லைப் பிடுங்கித் தன் சனங்களுக்குக் கொடுத்தாரா? இரண்டு பக்கமும் எனக்கு வாதம் இருக்கிறது, இன்னும் முடிவுக்கு வரவில்லை. அந்தச் சந்தும் இப்போது இல்லை. 1969-ல் வந்த சிறப்புச் சட்டத்தின் பணத்தில் மேம்பாடு என்ற பேரில் இடித்துச் சமமாக்கினார்கள். நல்ல வீடுகள் வந்தன, அதை வேண்டாம் என்று யார் சொல்வார்கள். நகாகமி இடிபடுவதைக் கேமராவில் பிடித்து வைத்தார்.

வீடு மாறியது, விலாசம் மாறவில்லை. 1975-ல் ஒரு ரகசியப் புத்தகம் அம்பலமானது. நாடு முழுதும் உள்ள புராக்குகளின் ஊர்ப் பெயர், விலாசப் பட்டியல். இருநூறுக்கு மேற்பட்ட நிறுவனங்கள் காசு கொடுத்து வாங்கி வைத்திருந்தன. வேலைக்கு மனுப்போட்டவன் எந்தத் தெரு என்று பார்க்க. கல்யாணத்துக்கு விசாரிக்கத் துப்பறியும் ஆட்களும் வாங்கினார்கள். 2016-ல் பாகுபாட்டை ஒழிக்கத் தனிச் சட்டம் வந்தது. அதே வருசம் 1930களின் கணக்கெடுப்பு ஒன்றைத் தோண்டியெடுத்து மறுபதிப்பு போடவும் இணையத்தில் ஏற்றவும் ஆள் கிளம்பினான். வழக்கு நடந்தது. 2021-லும் மேல்முறையீட்டில் 2023-லும் தோக்கியோ நீதிமன்றங்கள் அதைத் தடுத்துத் தீர்ப்பளித்தன. 2022-ல், சுயிஹேய்ஷாவின் நூறாவது வருசத்தில், 'ஹகாய்' மறுபடியும் படமாக வந்தது.

போன மாசம் வீடு பார்க்கப் போனேன். வீட்டுக்காரர் நல்ல மாதிரி, மோர் கொடுத்தார். "தம்பிக்கு எந்த ஊரு?" சொன்னேன். "அட, நமக்கும் அங்க சொந்தக்காரங்க இருக்காங்களே. ஊருக்குள்ள எங்க?" கோயில் பக்கம் என்று வாய் வரைக்கும் வந்துவிட்டது. தெருப் பேரைச் சொன்னேன். "பெரியவன்கிட்ட ஒரு வார்த்தை கேட்டுட்டுச் சொல்றேன் தம்பி" என்றார். நம்பர் வாங்கிக்கொண்டார். இன்னும் போன் வரவில்லை, வேறு இடம் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.